ஒன்பதாவது ரீல்

1967 செப்டம்பர் 4, திங்கள்

லோகனை நீக்கிவிடுவது என்று முடிவு செய்தேன். என் கணவர் போனபிறகு எனக்குத் தோன்றிய முதல் நல்ல யோசனை இதுதான்.

பத்து மணிக்கு விநியோகஸ்தர் மாணிக்கவாசகம் வந்து அதைக் கெடுத்தார். நாற்காலியின் நுனியில் உட்கார்ந்துகொண்டு, துக்கத்துக்கு வந்தவர் மாதிரியே பேசினார்.

“ஷூட்டிங் முடிஞ்சது, எடிட்டிங் முடிஞ்சது, டப்பிங் முடிஞ்சது. பின்னணி இசை மட்டுந்தான் பாக்கி. இந்த நேரத்துல ஆளை மாத்தினா தீபாவளி போயிடும்மா. அந்த வெள்ளைக்காரன் பாதி எழுதி வெச்சிருக்கான். வேலை முடியட்டும், அப்புறம் துரத்திடுங்க.”

“அவன் முகத்துல முழிக்க எனக்கு இஷ்டமில்லை.”

“நீங்க எதுக்கு முழிக்கணும்? ஸ்டூடியோ பக்கம் வராதீங்க. நான் பாத்துக்கறேன்.”

அவர் பார்த்துக்கொள்வாராம். படம் என் கணவர் கோதண்டபாணி எழுதி, இயக்கி, எடுத்தது. அவர் இல்லையென்றால் நான்தான் தயாரிப்பாளர். புதன்கிழமை வருகிறேன் என்று சொல்லிவிட்டேன்.

அவர் உயிர் போனது அந்த லோகனின் வீட்டில். ஜூலை மாதம், வேப்பேரியில், அவனுடைய பியானோவுக்குப் பக்கத்தில். அந்த நேரத்தில் நான் இங்கே ரவை சலித்துக்கொண்டிருந்தேன். என்ன நடந்தது என்று நான் கேட்கவில்லை. அவனும் சொல்லவில்லை. அவரை மயானத்துக்கு எடுத்துக்கொண்டு போன அன்று எங்கள் வீட்டுக் கேட்டுக்கு வெளியே தொப்பியைக் கையில் பிடித்துக்கொண்டு நின்றான். உள்ளே வரவில்லை. வந்திருந்தால் நானே வெளியே போகச் சொல்லியிருப்பேன்.

வேலைக்காரி அஞ்சலை அரிசிக் கடை வரிசையில் நின்று வெறும் பையோடு திரும்பினாள். இன்று இரண்டு வேளையும் கோதுமைதான்.

செப்டம்பர் 6, புதன்

வடபழனி. சின்ன புரொஜெக்‌ஷன் அறை. எடிட்டர் கிருபாகரன், வயலின்காரன் ஃபீலிக்ஸ், லோகன், நான். எந்தெந்த இடத்தில் இசை வேண்டும் என்று படத்தைப் போட்டுப் பார்த்துக் குறித்துக்கொள்வார்களாம்.

லோகனுக்கு ஐம்பதுக்கு மேல் இருக்கும். பிடரியெல்லாம் சிவப்பு, கால்சட்டை தொளதொள. தமிழில்தான் பேசுகிறான், மலைத் தோட்டத்துத் தமிழ். “வாங்கம்மா” என்று எழுந்து நின்றான். நான் வேறு பக்கம் போய் உட்கார்ந்தேன்.

பேச்சுக்குப் பேச்சு ‘பாணி’. பாணி இதைச் சொன்னான், பாணி அதைக் கேட்டான். நான் அவரைப் பெயர் சொல்லி ஒருமுறைகூடக் கூப்பிட்டதில்லை. இவனுக்கு அவர் பாணி.

கதையை நான் படித்ததில்லை. ஷூட்டிங்குக்கும் போனதில்லை. மகனைப் பறிகொடுத்த ஒரு தாய் என்று மட்டும் தெரியும். அவர் எனக்குச் சொல்ல வந்தபோது நான் எழுந்து போய்விட்டேன். எழுந்து போக எனக்கு உரிமை இருந்தது.

ஒன்பதாவது ரீலில் ஒரு காட்சி வருகிறது. காரியமெல்லாம் முடிந்து உறவுக்காரர்கள் ஊருக்குப் போய்விடுகிறார்கள். அந்தத் தாய் தட்டு போட்டு, செத்த மகனுக்குச் சோறு பரிமாறுகிறாள். கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருக்கிறாள். பிறகு அதையெல்லாம் தானே சாப்பிட்டுவிடுகிறாள், வேக வேகமாக.

விளக்கைப் போடச் சொன்னேன்.

“இந்த சீனை வெட்டிடுங்க.”

“அம்மா, படமே இதுல தான் நிக்குது. எடுத்துட்டா நொண்டும்” என்றார் கிருபாகரன்.

“அந்தப் பொம்பளை சாப்பிடறது பொய்யா இருக்கு. எந்தத் தாயும் அப்படிச் சாப்பிடமாட்டா.”

லோகன் என்னைப் பார்த்தான். அந்தப் பார்வை எனக்குப் பிடிக்கவில்லை.

செப்டம்பர் 7

தலைவலி. ஈயம் பூசுகிறவன் வந்தான். போகச் சொல்லிவிட்டேன்.

செப்டம்பர் 11, திங்கள்

பாட்டுப் புத்தகத்தில் போட லோகனைப் பற்றிப் பத்து வரி வேண்டுமாம். கிருபாகரன் விவரம் சொன்னார். நான் எழுதிக் கொடுத்தது பின்வருமாறு:

முழுப் பெயர் ஹேமிஷ் லோகன். ஸ்காட்லாந்துக்காரர். ஸ்காட்லாந்தைப் பார்த்ததில்லை. தகப்பனார் வால்பாறையில் தேயிலைத் தோட்ட மேனேஜர். பிள்ளை பிறந்ததும் அங்கேதான், வளர்த்தது ஆயாக்கள். ஊட்டியில் படித்தார், படிப்பைவிட மாதா கோவில் ஆர்கன் அதிகம். சுதந்திரம் வந்ததும் தகப்பனாரும் தங்கையும் கப்பலேறினார்கள், இவர் மதராஸுக்கு ரயிலேறினார். ஓட்டலில் பியானோ வாசித்தார். ஒரு பக்திப் படத்துக்கு இசைக்குழுவில் ஆள் குறைந்தபோது உள்ளே நுழைந்தார், இன்னும் வெளியே போகவில்லை. இருபது படங்களுக்குமேல் பின்னணி இசை. பாட்டுப் போடத் தெரியாது. போஸ்டரில் ‘லோகன்’ என்று பார்த்துவிட்டு லோகநாதன் என்று நினைத்துக்கொள்கிற ரசிகர்கள் உண்டு.

கிருபாகரன் படித்துவிட்டு, “இதை அப்படியே போட முடியாதும்மா” என்றார்.

“இதுல பொய் ஏதாவது இருக்கா?”

“பொய் இல்ல. கொஞ்சம் காரம் ஜாஸ்தி.”

டண்டீ என்ற ஊரிலிருந்து அந்தத் தங்கை வருஷா வருஷம் வந்துவிடு என்று எழுதுகிறாளாம். இவன் “அங்க குளிரும்” என்று பதில் போடுகிறானாம். போய்த் தொலைந்திருந்தால் என்ன.

செப்டம்பர் 14, வியாழன்

நாலு நாளாக ஸ்டூடியோவுக்குப் போகிறேன், கண்காணிக்க. வேறு காரணம் எதுவும் இல்லை.

திரையில் படம் ஓடும். லோகன் அதைப் பார்த்துக்கொண்டே கையை அசைப்பான். வாத்தியக்காரர்கள் அவன் கையைப் பார்த்து வாசிப்பார்கள். சத்தம் குறைவாகத்தான் போடுகிறான். படகு திரும்பி வராத காட்சிக்கு ஒரே ஒரு புல்லாங்குழல், அதுவும் பாதியில் நின்றுவிடுகிறது. நின்ற இடத்தில் நான் எழுந்து வெளியே போய்த் தண்ணீர் குடித்துவிட்டு வந்தேன். காலையில் ஒன்றும் சாப்பிடாமல் வந்ததால் இருக்கும்.

ஃபீலிக்ஸ் ஒரு இடத்தில் வில்லை இழுத்து உருக்கினான். லோகன் நிறுத்தினான்.

“ஃபீலிக்ஸ், நீ அழாதப்பா. நீயே அழுதுட்டா தியேட்டர்ல இருக்கறவங்க எப்ப அழுவாங்க?”

எல்லோரும் சிரித்தார்கள். ஃபீலிக்ஸ் சிரிக்கவில்லை.

மத்தியானம் ஒன்பதாவது ரீல் வந்தது. அந்தக் காட்சிக்கு முன்னால் லோகன் கையை இறக்கிவிட்டு, “எல்லாரும் போய் டீ குடிச்சிட்டு வாங்க. இங்க நமக்கு வேலையில்ல” என்றான்.

நான் எழுந்து அவனிடம் போனேன்.

“வேலையில்லைன்னா?”

“இந்த சீனுக்கு இசை கிடையாதுங்கம்மா. அந்தம்மா சாப்பிடற சத்தம் மட்டும் போதும். தட்டுச் சத்தத்தை நானே தனியாப் பதிவு பண்ணி வெச்சிருக்கேன்.”

“சீனை வெட்டக்கூடாதுன்னா அதுமேல ஏதாவது போட்டு மூடுங்க. வயலின் போடுங்க. அவ சாப்பிடற சத்தம் யாருக்கும் கேக்கக்கூடாது.”

“பாணி எங்கிட்ட...”

“அவர் உங்ககிட்ட என்ன சொன்னார்ங்கறது எனக்கு வேண்டாம். அவர் இல்லை. நான் இருக்கேன். நான் சொல்றேன், போடுங்க.”

அவன் குரலை உயர்த்தவே இல்லை. “மாட்டேன்மா” என்றான். “வேற யாரையாவது வெச்சுப் போட்டுக்குங்க. என் பேரை எடுத்துடுங்க.”

டீ குடிக்கப் போனவர்கள் வாசலில் கும்பலாக நின்று கேட்டுக்கொண்டிருந்தார்கள். நன்றாகக் கேட்கட்டும்.

“உங்க வீட்டுக்கு வந்து வந்துதான் அவர் இப்படி ஆனார்” என்று சொன்னேன். அவன் முகம் வெளுத்தது. வெள்ளைக்காரன் முகம்கூட இன்னும் வெளுக்கும் என்று இன்றுதான் பார்த்தேன். கோட்டை எடுத்துக்கொண்டு போய்விட்டான்.

திருப்தியாக இருந்தது.

செப்டம்பர் 15

மாணிக்கவாசகத்துக்கு சந்தோஷம். “நம்ம ஜனங்களுக்குத் துக்கம்னா வயலின் வேணும்” என்றார். ஃபீலிக்ஸிடம் பேசியாகிவிட்டது. அவன் மூன்று வருஷமாகக் காத்திருந்தவன் போல ஒப்புக்கொண்டான்.

செப்டம்பர் 18, திங்கள்

ஃபீலிக்ஸ் வாசித்தான். முகாரியில் ஆரம்பித்து எங்கெங்கோ போய் அழுதுவிட்டு வந்தான். கூட நாலு வயலின். முடிந்ததும் வாத்தியக்காரர்கள் வில்லைத் தட்டிப் பாராட்டினார்கள். மாணிக்கவாசகம் கைக்குட்டையை எடுத்துக் கண்ணைத் துடைத்தார்.

தட்டுச் சத்தம் கேட்கவில்லை. அந்தப் பெண் விழுங்குவது கேட்கவில்லை. நான் கேட்டபடியே எல்லாம் மூடிவிட்டது.

கிருபாகரன் ரீலைக் கழற்றிக்கொண்டிருந்தார். எதற்கோ அவரிடம் கேட்டேன்: “அந்த சீன் முழுக்க ஒரே ஷாட்டா இருக்கே, ஏன்? கிட்டப் போய் அவ மூஞ்சியைக்கூடக் காட்டலியே.”

“அதையேன் கேக்கறீங்க. கேமராமேன் எவ்வளவோ சொல்லிப் பாத்தாரு. சார் ஒத்துக்கவே இல்ல. ஸ்டோர் ரூம் கதவுக்குப் பின்னால கேமராவை வெச்சு, கதவைப் பாதி சாத்திட்டு, அந்த இடுக்கு வழியாத்தான் எடுக்கணும்னாரு. ‘இங்க இருந்துதான்யா தெரியும், வேற எங்க இருந்தும் தெரியாது’ன்னாரு.”

டாக்சி பிடித்து வீட்டுக்கு வந்தேன்.

செப்டம்பர் 19, செவ்வாய்

எங்கள் வீட்டில் சமையலறைக்கு எதிரே ஸ்டோர் ரூம். அதன் கதவு முழுதாகச் சாத்தாது.

எங்கள் மகன் சாரங்கன் போய் நாலு வருஷம் ஆகிறது. பதினாறு வயது. நண்பர்களோடு கடலுக்குப் போகட்டுமா என்று கேட்டான். போய்விட்டு வா என்று சொன்னது அவர். நான் கூடாது என்றுதான் சொன்னேன். அன்றிலிருந்து எங்களுக்குள் பால் கார்டு, சலவைக் கணக்கு தவிரப் பேச்சு இல்லை. சாயங்காலமானால் அவர் வேப்பேரிக்குப் போய்விடுவார். போகட்டும் என்று இருந்தேன்.

காரியம் முடிந்த மறுநாள் மத்தியானம். அவர் ஆபீஸுக்குப் போய்விட்டார் என்று நினைத்தேன். அஞ்சலைக்கு லீவு கொடுத்திருந்தேன். சாரங்கனுக்குப் பிடித்த வத்தக்குழம்பு வைத்தேன், அப்பளம் பொரித்தேன். அவன் தட்டில் போட்டேன். உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தேன். எவ்வளவு நேரம் என்று தெரியாது. பிறகு எனக்குப் பசித்தது. அதைத்தான் என்னால் தாங்க முடியவில்லை. பிள்ளை செத்தவளுக்குப் பசிக்கிறது. எல்லாவற்றையும் நானே சாப்பிட்டேன். யாராவது வந்துவிடப்போகிறார்களே என்று வேகமாகச் சாப்பிட்டேன். தட்டைக் கழுவி, துடைத்து, கவிழ்த்து வைத்தேன்.

அவர் ஆபீஸுக்குப் போகவில்லை. கதவுக்குப் பின்னால் நின்றிருக்கிறார். வந்து என்னைத் தொடவும் இல்லை, போய்விடவும் இல்லை. பார்த்துக்கொண்டு நின்றிருக்கிறார்.

ஒரு வார்த்தை சொன்னதில்லை, பாவி மனுஷன்.

அந்த நடிகை அப்பளத்தைக் கடைசியில்தான் சாப்பிடுகிறாள். அது சரி.

செப்டம்பர் 21, வியாழன்

லோகனுக்கு ஆள் அனுப்பினேன். வந்தான். கிருபாகரனிடம், ஒன்பதாவது ரீலில் வயலின் சேர்க்க வேண்டாம், தட்டுச் சத்தம் மட்டும் இருக்கட்டும் என்று சொன்னேன்.

“ஃபீலிக்ஸ் வாசிச்ச டிராக்?”

“எடுத்து வெச்சிடுங்க.”

மாணிக்கவாசகம் குதித்தார். “ஏம்மா, ஊமைப் படமா எடுக்கறோம்? ஆளைத் துரத்தினீங்க, இப்ப நீங்களே கூப்பிடறீங்க. என்னதான் சொன்னான் அந்த துரை உங்ககிட்ட?”

“ஒண்ணும் சொல்லல. அதுதான்.”

லோகனிடம் மன்னிப்பெல்லாம் கேட்கவில்லை. அவனும் எதிர்பார்த்த மாதிரி தெரியவில்லை. மிச்ச ரீல்களுக்கு வேலையைத் தொடர்ந்தான். நான் முன்வரிசையில் உட்கார்ந்து குறை கண்டுபிடித்துக்கொண்டிருந்தேன். பதினோராவது ரீலில் மணியோசை அதிகம் என்றேன். யோசித்துவிட்டு, ஆமாம் என்று குறைத்தான்.

அவனைப் பிடித்திருக்கிறது என்று இதற்கு அர்த்தமில்லை.

நவம்பர் 1, தீபாவளி

வீட்டில் எண்ணெய்க் குளியல், பலகாரம் எதுவும் இல்லை. படம் வெளியான நாள்.

மவுண்ட் ரோடு பக்கத்துத் தியேட்டர், பகல் காட்சி. பால்கனியில் நான், எனக்கு நேர் பின்வரிசையில் லோகன். அரங்கம் நிறைந்திருந்தது. பட்டாசு வெடித்துவிட்டு வந்த கையோடு ஜனங்கள். முதல் பாதி ஒழுங்காகப் போயிற்று. படகுக் காட்சியில் குழந்தைகள்கூடச் சும்மா இருந்தன.

ஒன்பதாவது ரீல். தட்டு வைக்கும் சத்தம். கரண்டி. பிறகு ஒன்றுமில்லை.

கீழே யாரோ, “ஆபரேட்டர், சவுண்டு” என்று கத்தினான். படம் பழுதாகிவிட்டது என்று நினைத்துக்கொண்டான். இன்னொருவன் விசிலடித்தான். பிறகு கீழே முழுக்க ஒரே கூச்சல், “சவுண்டு, சவுண்டு” என்று நாற்காலியைத் தட்டினார்கள். திரையில் அந்தத் தாய் வாயில் சோற்றை வைத்துக்கொண்டு மென்றாள். ஒருத்தன், “நல்லாக் கொட்டிக்கறாடா” என்றான். சிரித்தார்கள்.

அவன் சட்டையைப் பிடித்து உலுக்க வேண்டும் போலிருந்தது. எழுந்துகூட நின்றுவிட்டேன். பின்னாலிருந்து லோகன், “உக்காருங்கம்மா. முடியப்போகுது” என்றான். அவன் கை என் நாற்காலி முதுகைப் பிடித்திருந்தது.

உட்கார்ந்தேன். முழுவதையும் பார்த்தேன். அந்தத் தட்டுச் சத்தத்தோடு கடைசிவரை பார்த்தது அதுதான் முதல் தடவை.

நவம்பர் 9

மதராஸில் படத்தை எடுத்துவிட்டார்கள். ஒரு பத்திரிகை ‘வெள்ளைக்கார இசையமைப்பாளர் தூங்கிவிட்டார் போலும்’ என்று எழுதியிருக்கிறது.

நவம்பர் 27, திங்கள்

கிருபாகரன் வந்தார். கையில் கோயமுத்தூர் விளம்பரம். படம் அங்கே நாலாவது வாரம், பெண்கள் கூட்டம் தாங்கவில்லையாம். மதுரையிலும் அப்படியே.

எப்படி என்று கேட்டேன். சொல்லத் தயங்கினார்.

“வெளியூர்ப் பிரிண்ட்டெல்லாம் தயாராகறதுக்குள்ள மாணிக்கவாசகம் ஃபீலிக்ஸ் டிராக்கை எடுத்துட்டுப் போய் ஒன்பதாவது ரீல்ல சேத்துட்டாரும்மா. எனக்கே இப்பத்தான் தெரியும்.”

மாணிக்கவாசகத்துக்கு டெலிபோன் செய்து, வாயில் வந்ததையெல்லாம் சொன்னேன். அவர் அமைதியாகக் கேட்டுவிட்டு, “திட்டுங்கம்மா. படம் ஓடுது, திட்டு வாங்கினா என்ன” என்றார். ஃபீலிக்ஸுக்கு இரண்டு புதுப் படமாம், இசையமைப்பாளராகவே.

டெலிபோனை வைத்துவிட்டுக் கிருபாகரனிடம், “லோகன்?” என்று கேட்டேன்.

“யாரும் கூப்பிடலம்மா” என்றார் கிருபாகரன். “வேப்பேரி வீட்டைக் காலி பண்ணிட்டாரு. பியானோவை வித்துட்டாரு. தங்கச்சி ஊருக்குப் போவாருன்னு நினைச்சோம். வால்பாறைக்குப் போயிட்டாராம். அங்க மாதா கோவில்ல ஞாயித்துக்கிழமை ஆர்கன் வாசிக்கறாரு.”

அதற்கு நான் என்ன செய்ய முடியும். கேட்டுக்கொண்டேன்.

டிசம்பர் 12, கோயமுத்தூர்

பிரிண்ட்டைப் பறித்துக்கொண்டு வருவது என்றுதான் புறப்பட்டேன். தியேட்டர் மேனேஜரிடம் சண்டை போடுவதற்கு முன்னால் ஒருமுறை பார்த்துவிடலாம் என்று பெண்கள் பக்கம் உட்கார்ந்தேன்.

ஃபீலிக்ஸின் வயலின் வந்தது. சுற்றிலும் எல்லாப் பெண்களும் அழுதார்கள். பக்கத்தில் இருந்தவள் மில் வேலைக்குப் போகிறவள் போலிருந்தது. முந்தானையை வாயில் அடைத்துக்கொண்டு அழுதாள். என் பக்கம் திரும்பி, “எனக்கும் ஒரு பையன் போயிட்டானுங்க” என்றாள். அவள் கை என் மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டது. படம் முடியும்வரை விடவில்லை.

எனக்குக் கண்ணீர் வரவில்லை.

மேனேஜரைப் பார்க்கவில்லை. அவளிடமிருந்து எதைப் பறித்துக்கொண்டு போவது.

டிசம்பர் 14, வால்பாறை

பொள்ளாச்சியிலிருந்து பேருந்து. வளைவுக்கு வளைவு முன்சீட்டுக்காரி வாந்தி எடுத்தாள். இறங்கி லோகன் வீடு எது என்று கேட்டேன். கொழுந்துக் கூடையோடு போன ஒருத்தி, “பாட்டுத் தொரையா? கோயிலுக்குப் பின்னால” என்று கூடவே வந்து காட்டினாள்.

தகரக் கூரை வீடு. அவர் வாசற்படியில் உட்கார்ந்து உருளைக்கிழங்குக்குத் தோல் சீவிக்கொண்டிருந்தார். கம்பளிச் சட்டை முழங்கையில் கிழிந்திருந்தது. என்னைப் பார்த்ததும் எழுந்து, கையைத் துடைத்துக்கொண்டு, உள்ளே இருந்த ஒரே நாற்காலியைக் கொண்டுவந்து போட்டார்.

“கோயமுத்தூர்ல படம் ஓடுது” என்றேன்.

“கேள்விப்பட்டேன்.”

“வயலினோட ஓடுது. எனக்குத் தெரியாம சேத்துட்டாங்க.”

“அது தெரியுங்கம்மா. நீங்க சேத்திருக்க மாட்டீங்க.”

“எல்லாரும் அழறாங்க.”

“அழட்டுங்க” என்றார். “ஃபீலிக்ஸ் நல்லா வாசிக்கறவன்தான்.”

டீ போட்டுக் கொடுத்தார். குடித்து முடித்தபிறகு, ஜூலையிலிருந்து கேட்காததைக் கேட்டேன்.

“அன்னிக்கு என்ன நடந்தது?”

அவர் டம்ளரைக் கீழே வைத்தார்.

“சாயங்காலம் வந்தான். முதல் ரீலுக்கு எழுதினதை வாசிச்சுக் காட்டினேன். ஜாஸ்தியா இருக்கு, குறைன்னான். குறைச்சேன். இன்னும் குறைன்னான். எனக்குக் கோவம் வந்துருச்சு, ரெண்டு பேரும் சத்தம் போட்டோம். எப்பவும் உக்கார்ற மாதிரி பியானோ காலுல சாஞ்சு தரையில உக்காந்தான். தண்ணி வேணும்னான். உள்ள போய் எடுத்துட்டு வந்தேன். தலை சாஞ்சிருந்துச்சு. அடுத்த தெருவுல டாக்டர் இருந்தாரு, ஓடிப்போய்க் கூட்டிட்டு வந்தேன். பிரயோஜனமில்லைங்க.”

“என்னைப் பத்தி ஏதாவது சொன்னாரா?”

அவர் யோசித்தார். நிஜமாகவே நினைவுபடுத்திப் பார்க்கிறார் என்று தெரிந்தது. வேறு யாராக இருந்தாலும் அதற்குள் ஏதாவது ஒன்றைச் சொல்லியிருப்பார்கள், நானும் நம்பிக்கொண்டு ஊர் திரும்பியிருப்பேன்.

“இல்லைங்கம்மா” என்றார். “தண்ணி கேட்டான். வேற ஒண்ணும் சொல்லல.”

இன்னும் ஏதாவது வரும் என்று காத்திருந்தேன். அவர் எதையும் சேர்க்கவில்லை. என்னைப் பார்த்தார், பிறகு சரிவைப் பார்த்தார். பெண்கள் வரிசையாகக் கொழுந்து நிறுக்கப் போய்க்கொண்டிருந்தார்கள். மூடுபனி இறங்கி ஒவ்வொருத்தியாக மறைத்தது. அவ்வளவு நேரமும் அழுதுகொண்டிருந்தேன் என்று எனக்கே பிறகுதான் தெரிந்தது. அவர் எழுந்து வரவில்லை, ஆறுதல் சொல்லவில்லை, உள்ளே போய்விடவும் இல்லை.

பிறகு பாத்திரத்தை இழுத்து வைத்துக்கொண்டு மிச்சக் கிழங்கைச் சீவ ஆரம்பித்தார். இன்னொரு கத்தி இருக்கிறதா என்று கேட்டேன். எடுத்து வந்து கொடுத்தார்.